போய்ப் பார்த்ததாகச் சொன்னேன்

சுபாங் விமான நிலையத்தில் காலை ஆறரை மணிக்கு அவரைப் பார்க்கிற எவரும் வழிகாட்டி என்று நினைக்கமாட்டார்கள். கொடி, தொப்பி, ஒலிபெருக்கி ஒன்றும் கிடையாது. வெள்ளைச் சட்டை, கணுக்கால் தெரியும் கால்சட்டை, தோளில் ஒரு துணிப்பை. நாற்பது பேரும் வந்து சேர்ந்ததும் ஒவ்வொரு முகத்தையும் ஒருமுறை பார்ப்பார். பிறகு ஒவ்வொரு தடவையும் ஒரே வாசகம்: "வாங்க, கெடாவுக்குப் போயி ஆயிரம் வருசத்தைப் பார்த்துட்டு, ராத்திரிச் சோத்துக்கு வீட்டுக்கு வந்துடலாம்." முதல்முறை விமானம் ஏறுகிறவர்கள் அதிகம் என்பதால் எல்லோரும் சத்தமாகச் சிரிப்பார்கள். பயம்தான் அப்படிச் சிரிக்க வைக்கும்.

எண்பதுகளின் நடுப்பகுதி அது. பிரிக்பீல்ட்ஸில் இருந்த எங்கள் சங்கத்துக்கு நான் செயலாளர். ஆண்டுக்கு இரண்டு மூன்று தடவை, அதே தெருவிலிருந்த ஒரு பயண அலுவலகத்தின் மூலம், பூஜாங் பள்ளத்தாக்குக்கு ஒருநாள் பயணம் ஏற்பாடு செய்தோம். முதல் விமானத்தில் அலோர் ஸ்டார், அங்கிருந்து பஸ்ஸில் மெர்போக், கடைசி விமானத்தில் திரும்புதல். பழைய நூல்களில் வரும் கடாரம் இதுதான் என்று சொன்னதும் செந்தூலிலிருந்தும் கிள்ளானிலிருந்தும் ஆட்கள் வந்தார்கள். அலுவலகம் அனுப்பிய வழிகாட்டி அவர். எல்லோரும் அவரை 'கைட் அண்ணே' என்றே அழைத்தார்கள். பெயரை நான் எழுதப் போவதில்லை.

என் தகப்பனார் யாழ்ப்பாணத்திலிருந்து ரயில்வே கிராணியாக, அதாவது எழுத்தராக, வந்தவர். நான் வரலாறு படித்து, பள்ளியில் வரலாறு கற்பித்து, கல்வி இலாகாவில் உயர்ந்தவன். அவர் கெடாவில் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்து, ஆறாம் வகுப்போடு நின்று, இளவயதில் அந்தப் பள்ளத்தாக்கில் புதைந்துகிடந்த பழைய கோயிலைத் தோண்டி எடுத்துத் திரும்ப அடுக்கிய கூட்டத்தில் மண் சுமந்தவர். எங்கள் இருவரில் வரலாற்றை மதித்தவர் யார் என்பதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். இப்போது செராஸில் ஓர் அடுக்குமாடி வீட்டில் தனியாக இருக்கிறேன். பேசுவதற்கு ஆள் இல்லாதபோது மறைத்தவைதான் முதலில் நினைவுக்கு வருகின்றன.

மெர்போக்கில் பஸ்ஸை விட்டு இறங்கி மேட்டில் கொஞ்ச தூரம் நடக்க வேண்டும். ஓர் ஓடை, அதன் பக்கத்தில் கருங்கல் அடித்தளம், மேலே சில தூண்களின் பாதக் கற்கள். பார்க்க இருப்பது அவ்வளவுதான். கோபுரம் எதிர்பார்த்து வந்தவர்களின் முகம் விழுந்துவிடும்.

கிள்ளானில் இரும்புக்கடை வைத்திருந்த ஒருவர் ஒருமுறை கேட்டார்: "கோயில் எங்க, பாஸ்?"

"இதுதாங்க."

"இது வெறும் தரையால்ல இருக்கு."

"தரைதாங்க மிச்சம்."

"சரி, உள்ள என்ன சாமி இருந்துச்சு?"

"தெரியாதுங்க. சிவன்னு சொல்றவங்க இருக்காங்க. நான் பார்க்கல."

"கட்டினது நம்ம சோழ ராஜாதானே?"

"தெரியாதுங்க."

"மேல கூரை?"

"மரமா இருக்கலாம், அத்தாப்பு ஓலையா இருக்கலாம். தெரியாதுங்க."

இரும்புக்கடைக்காரர் கூட்டத்தைத் திரும்பிப் பார்த்தார். "நல்லா இருக்குலா! தெரியாது தெரியாதுன்னு சொல்றதுக்கு ஒரு கைடு, அதைக் கேக்க நாம பிளேன்ல வரணும்!"

எல்லோரும் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். "தெரிஞ்சதெல்லாம் மியூசியத்துல எழுதி ஒட்டியிருக்காங்க அண்ணே, நீங்களே படிச்சுக்குவீங்க. தெரியாததைச் சொல்லத்தான் ஆள் வேணும்."

பிறகு அடித்தளத்தின் ஒரு மூலைக்குப் போய் ஒரு கல்லின்மேல் உள்ளங்கையை வைத்தார். "இந்தக் கல்லை நானும் இன்னும் மூணு பேரும் தூக்கி வச்சோம். அது எனக்குத் தெரியும். முன்னாடி எங்க இருந்துச்சோ அங்கதான் வச்சோமான்னு கேட்டா, தெரியாது."

அன்று செந்தூலிலிருந்து வந்த ஓர் அம்மா யாரும் பார்க்காதபோது அந்தக் கல்லின்மேல் கற்பூரம் ஏற்றிவிட்டார். நான் பதறினேன். அவர் பதறவில்லை. கைகட்டி நின்று, கற்பூரம் முழுவதும் எரிந்து அடங்கும் வரை காத்திருந்தார். பிறகு கைக்குட்டையை ஓடையில் நனைத்துவந்து கரியைத் துடைத்தார். "கும்பிடறது தப்பில்லக்கா. ஆனா நாளைக்கு எவராச்சும் வந்து இந்தக் கரியைப் பார்த்து, ஆயிரம் வருசத்துக் கரின்னு எழுதிடுவாங்க." அந்த அம்மாவும் உட்கார்ந்து சேலைத் தலைப்பால் துடைத்தார்.

பிரிக்பீல்ட்ஸிலும் அவர் அப்படித்தான். ரயில்வே குவார்ட்டர்ஸுக்குப் பின்னால் ஒரு மாடி அறையில் தனியாக இருந்தார். யாராவது வழி கேட்டால், நிச்சயமாகத் தெரிந்தால்தான் சொல்வார். தெரியாவிட்டால் அவர்களோடு கூடவே நடந்து, இடம் கிடைக்கும் வரை விசாரித்து, விட்டுவிட்டு வருவார். எங்கள் தெருவில் ஒரு கணக்காளர் இறந்தபோது வந்தவர்கள் எல்லோரும் தங்கமான மனுஷன் என்றார்கள். இவர், "நாலு தடவ கூட உக்காந்து தேத்தண்ணி குடிச்சிருக்கேன். ரெண்டு தடவ அவர்தான் கடைக்காரப் பையனை உக்காரச் சொன்னாரு" என்றார். அந்த மனிதரைப் பற்றி எனக்கு இன்று நினைவிருப்பது அது ஒன்றுதான்.

என் மகள் ஐந்தாம் படிவத் தேர்வு முடிவுக்குக் காத்திருந்தபோது ஊரே அவளிடம், "பாஸ் பண்ணிடுவேம்மா" என்றது. அவர் மட்டும், "தெரியாதும்மா. ஆனா ரிசல்ட் வர்ற அன்னிக்கு நான் பள்ளிக்கூடத்துக் கேட்டுக்கிட்ட நிக்கிறேன்" என்றார். சொன்னபடி பள்ளி வாசலில் வெயிலில் நின்றார். அவள் தேறிவிட்டதைக் கேட்டுவிட்டு, தலையை ஆட்டி, பஸ் பிடித்துப் போனார். மகள் இப்போது மெல்பர்னில் இருக்கிறாள். என் மனைவி இறந்தபிறகு தொலைபேசியில் பேசும்போதெல்லாம் அவரைப் பற்றி ஒருமுறையாவது கேட்டுவிடுவாள். நான் பேச்சை மாற்றிவிடுவேன்.

அவருடைய கதை எனக்குத் தெரியவந்தது ஒரு திரும்பும் விமானத்தில். ஜன்னல் இருக்கையை எப்போதும் யாருக்காவது கொடுத்துவிடுவார். அன்று எனக்குக் கொடுத்திருந்தார். கீழே குனோங் ஜெராய் மலை பின்னால் போய்க்கொண்டிருந்தது. பேச்சுக்காகக் குடும்பத்தைப் பற்றிக் கேட்டேன்.

"சம்சாரம், ஒரு மக. ஊருக்குப் போயிட்டாங்க சார்."

"நல்லா இருக்காங்களா?"

"தெரியாதுங்க சார்."

வழக்கமான பதில் என்று நினைத்து லேசாகச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

எழுபதுகளின் தொடக்கத்தில், குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை உரிமம் வேண்டும் என்று வந்தபோது, தோட்டத்தில் பாதிப் பேர் மூட்டை கட்டினார்கள். மாமனார் தம் குடும்பத்தோடு மகளையும் பேத்தியையும் கூட்டிக்கொண்டு பினாங்கில் கப்பல் ஏறினார். இவருடைய மகளுக்கு அப்போது ஆறு வயது. இவர் இரண்டு வருஷம் சம்பாதித்துக்கொண்டு பின்னால் போவதாகப் பேச்சு. அறந்தாங்கிப் பக்கத்து ஊர் ஒன்றிலிருந்து மூன்று கடிதங்கள் வந்தன. மனைவிக்கு எழுதத் தெரியாது, யாரோ எழுதிக் கொடுத்தவை. மூன்றாவதில், குளத்துப் பக்கம் ஒரு வீடு போட்டுக்கொண்டிருக்கிறோம் என்று இருந்தது. அதற்குப் பிறகு ஒன்றுமில்லை. இவர் மாதம் ஒன்று எழுதினார். பதிலும் வரவில்லை, எழுதியவை திரும்பியும் வரவில்லை. பதினைந்து வருஷம்.

"நீங்களே ஒருமுறை போய்ப் பார்த்திருக்கலாமே?"

"எனக்கு இன்னும் சிவப்பு ஐ.சி.தான் சார், குடியுரிமை கெடைக்கல. உள்ளூர்ல எங்க வேணும்னாலும் பறக்கலாம். வெளிய போனா திரும்ப விடுவாங்களான்னு தெரியாது. அங்க போயி, அவங்களும் இல்லன்னா, நான் எங்கயும் இல்லாத ஆளாயிடுவேன்."

மறந்துவிடு என்று சொன்னவர்கள் இருந்தார்கள். நன்றாகத்தான் இருப்பார்கள் என்று ஆறுதல் சொன்னவர்களும் இருந்தார்கள். இரண்டையும் அவர் ஏற்கவில்லை. பார்க்காத ஒன்றை அப்படியே விட்டுவைத்து, அதன் பக்கத்திலேயே பதினைந்து வருஷம் வாழ்ந்திருக்கிறார்.

நான் சொன்னேன்: "தை மாதம் நானும் மனைவியும் தமிழ்நாட்டுக் கோயில்களுக்குப் போகிறோம். நான் போய்ப் பார்த்துவிட்டு வருகிறேன்."

அவர் கேட்கவில்லை. நானாகச் சொன்னேன். மேகத்துக்கு மேலே உட்கார்ந்துகொண்டு அப்படிச் சொல்வது மிகவும் சுலபமாக இருந்தது. அவர் இருக்கை வாரோடு என் பக்கம் முழுவதும் திரும்பி, "நெசமாவா சார்?" என்றார்.

மறுநாள் ஊர் பெயர், மாமனார் பெயர், தெருப் பெயர் எல்லாம் எழுதிக்கொண்டு வந்தார். போகும்போது வாசலில் நின்று, "நல்ல சேதி, கெட்ட சேதின்னு பார்க்க வேணாம் சார். கண்ணால பார்த்ததை மட்டும் வந்து சொல்லுங்க" என்றார்.

தஞ்சாவூரில் ஒரு நாள் ஓய்வுக்கென்று வைத்திருந்தோம். அந்த நாளில்தான் நான் போவதாக இருந்தது. வாடகைக் கார் ஓட்டுநர், போக மூன்று மணி நேரம், வர மூன்று மணி நேரம், சாலை சரியில்லை என்றார். மனைவி, "குடுத்த வாக்கு, போயிட்டு வாங்கோ. நான் ஹோட்டல்ல இருப்பன்" என்றாள். காலைப் பலகாரம் சாப்பிட்டுவிட்டுச் சற்றுப் படுத்தேன். அன்று பகல் முழுவதும் மின்விசிறியின் கீழ் தூங்கினேன். எனக்குக் காய்ச்சல் இல்லை, உடம்பு வலி இல்லை. இதைவிடப் பெரிய காரணம் ஒன்றைக் கண்டுபிடிக்க எத்தனையோ ஆண்டுகள் முயன்றிருக்கிறேன். இல்லை. தூங்கினேன். மறுநாள் மதுரைக்கு ரயில்.

நாங்கள் திரும்பி வந்தபின் அவர் இரண்டு நாள் வரவில்லை. எங்களுக்குக் களைப்பாக இருக்கும் என்று விட்டிருக்கிறார். மூன்றாம் நாள் மாலை ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு வந்தார். மனைவி தேநீர் கொண்டுவந்து வைத்துவிட்டுச் சமையலறை வாசலில் நின்றாள்.

"போனீங்களா சார்?"

தூங்கிவிட்டேன் என்று சொல்ல வெட்கமாக இருந்தது. சொன்ன சொல் தவறாத செயலாளர் என்று பெயர் எடுத்தவன் நான். பதினைந்து வருஷம் பதில் எழுதாதவர்கள் அங்கே இருக்கவா போகிறார்கள் என்று என் மனம் அதற்குள் வாதாடி முடித்துவிட்டது. என் ஊகமும் உண்மையும் ஒன்றுதான் என்று எனக்கு நானே தீர்ப்புச் சொல்லிக்கொண்டேன்.

"போனேன்" என்றேன். "அங்கே யாரும் இல்லை."

அத்தோடு முடியும் என்று நினைத்தேன். மண்ணைத் தோண்டியவர் அவர். ஒவ்வொன்றாகக் கேட்டார்.

"வீடு இருக்கா சார்?"

"இடிந்துவிட்டது."

"சுவரு?"

"சுவரும் இல்லை. தரை மட்டும்தான் மிச்சம்."

சொல்லும்போதே எனக்குத் தெரிந்தது, மெர்போக்கில் பார்த்ததைத்தான் அந்த ஊரில் கொண்டுபோய் வைக்கிறேன் என்று.

"வாசல் எந்தப் பக்கம்?"

"கிழக்கு."

"யாரைக் கேட்டீங்க?"

"பக்கத்து வீட்டில் ஒரு பெரியவரை."

"என்ன ஆனாங்கன்னு சொன்னாரா? உசிரோட இருக்காங்களாமா சார்?"

அவர் என் கண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தார். இதற்குத் தெரியாது என்று சொல்லியிருக்கலாம். அவரிடமே எத்தனையோ முறை கேட்ட சொல். அதைச் சொல்லியிருந்தால் இன்னும் பத்துக் கேள்வி வந்திருக்கும். அந்தக் கேள்விகள் நிற்க வேண்டும் என்று மட்டும்தான் எனக்கு இருந்தது.

"இல்லை என்றுதான் சொன்னார். ஏதோ காய்ச்சல் வந்த வருஷமாம். இரண்டு பேரும்."

அவர் தேநீரை எடுத்து, கடைசிச் சொட்டு வரை குடித்து, கோப்பையைச் சத்தமில்லாமல் தட்டில் வைத்தார். "நீங்க பார்த்துட்டு வந்து சொன்னீங்க. போதும் சார்" என்று எழுந்தார்.

அவர் படியிறங்கியதும் மனைவி, "இஞ்சருங்கோ, என்ன வேலை செய்துபோட்டியள்?" என்றாள்.

"நாளைக்குச் சொல்லிவிடுகிறேன்."

"இப்ப ஓடிப்போய்ச் சொல்லுங்கோ. இன்னும் முனைக்குக்கூடப் போயிருக்க மாட்டார்."

நான் வாழைப்பழத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

நாளைக்கும் சொல்லவில்லை. அடுத்த வாரம் தெருவில் அவரைப் பார்த்தபோது தலை மொட்டையாக இருந்தது. மோரிப் கடற்கரைக்குப் போய்ச் சடங்கு செய்துவிட்டு வந்திருந்தார். "இத்தனை வருசமா ஒண்ணும் செய்யாம விட்டுட்டேன் சார். எந்தத் திதின்னு ஐயரு கேட்டாரு. அது மட்டும் தெரியாதுன்னேன்." வெயிலில் அந்தத் தலை வெளுத்துத் தெரிந்தது. இதற்கு மேல் எப்படிச் சொல்வது என்று அப்போது நினைத்தேன். சொல்லியிருக்க முடியும். மயிர் திரும்ப வளரும்.

மாதக் கடிதத்தை நிறுத்திவிட்டார். சில மாதங்கள் கழித்துப் பயண அலுவலகத்துக்குப் போனபோது அங்கே வேலை பார்த்த பெண் சொன்னாள்: "அங்கிள், எங்க பாஸு இந்தியா டூருக்குக் கைட் அண்ணேயை அனுப்பறேன்னாரு. திரும்பி வர்ற பெர்மிட் எல்லாம் ஆபீஸே எடுத்துக் கொடுக்கும்னு சொல்லியாச்சு. அவருதான் வேண்டாம்னுட்டாரு. சார் போயி பார்த்துட்டு வந்துட்டாரு, இனிமே எனக்கு அங்க என்னங்கறாரு. பாவம்லா."

"அப்படியா" என்று சொல்லி, எங்கள் சங்கத்தின் டிக்கெட்டுகளை வாங்கிக்கொண்டு வந்தேன்.

அவரோடு நான் போன கடைசிப் பயணத்தில், மெர்போக்கில் மற்றவர்கள் படம் எடுத்துக்கொண்டிருந்தபோது, ஒரு பாட்டியம்மா நிழலில் உட்கார்ந்து அவரிடம் பேச்சுக் கொடுத்தார். "உங்களுக்குப் பிள்ளைங்க எத்தனை தம்பி?"

"ஒண்ணு இருந்துச்சு. தவறிடுச்சுங்க. சம்சாரமும் தவறிட்டாங்க."

நான் அவர் பின்னால் நின்றிருந்தேன். கல்லின்மேல் கையை வைத்து, இதை நான் தூக்கினேன் என்று சொல்வாரே, அதே குரல். சாமியைப் பற்றியும் ராஜாவைப் பற்றியும் அவர் வாயிலிருந்து எவராலும் வாங்க முடியாத உறுதி அது.

அன்று திரும்பும்போது அவர் பக்கத்தில் வேண்டுமென்றே உட்கார்ந்தேன். சொல்லிவிடுவது என்ற முடிவோடு. விமானம் மேலேறி விளக்கு அணைந்ததும் அவரே ஆரம்பித்தார்: "சார், நீங்க போய்ப் பார்த்துட்டு வந்ததுலேருந்து எனக்கு நல்லாத் தூக்கம் வருது. முன்னெல்லாம் போஸ்ட்மேன் சைக்கிள் சத்தம் கேட்டாலே முழிச்சுக்குவேன்."

அந்தப் பேச்சைப் பிடித்துக்கொண்டேன். நான் செய்தது ஒருவகையில் நல்லதுதான் என்று சுபாங்கில் இறங்குவதற்குள் என்னை நானே நம்பவைத்துவிட்டேன். அடுத்த ஆண்டு செயலாளர் பதவியை விட்டேன். அவர் கிள்ளானில் வேலை கிடைத்து அங்கே போய்விட்டார். நான் போய்ப் பார்க்கவில்லை. தீபாவளிக்கு மட்டும் அவரிடமிருந்து ஒரு வாழ்த்து அட்டை வரும்.

தொண்ணூறுகளில் ஒரு நாள் கிள்ளானிலிருந்து தொலைபேசி வந்தது. ஆஸ்பத்திரியில் இருக்கிறார், என்னைக் கேட்கிறார் என்று. என் மனைவி அப்போது இறந்து ஒரு வருஷமாகியிருந்தது. நான் தஞ்சாவூரில் தூங்கியது தெரிந்த ஆள் உலகத்தில் என்னைத் தவிர யாரும் இல்லை.

கட்டிலில் மிகவும் சிறுத்துப் போயிருந்தார். "வந்துட்டீங்களா சார்" என்று எழப் பார்த்தார். மறுநாள் அறுவை சிகிச்சை. ஓர் இளம் மலாய்த் தாதி படிவத்தோடு வந்து, நெருங்கிய உறவினர் யார் என்று கேட்டாள். அவர் என்னைப் பார்த்தார்.

"கண்ணாடி கொண்டாரல சார். நீங்களே எழுதிடுங்க."

படிவத்தை வாங்கி மடியில் வைத்துக்கொண்டேன். வயது, மதம், பிறந்த இடம் எல்லாம் எழுதினேன். உறவினர் என்ற கோட்டுக்கு வந்ததும் பேனா நின்றது. மகள் இருந்தால் அவளுக்கு முப்பது வயதாகியிருக்கும். அவளுக்குக் குழந்தைகள் இருக்கலாம். அந்த வீடு குளத்துப் பக்கம் நல்லபடியாக நின்றுகொண்டிருக்கலாம். எனக்குத் தெரியாது. தாதியைத் தவிர அறையில் வேறு யாரும் இல்லை. அவர் என் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

'இல்லை' என்பதற்கான மலாய்ச் சொல்லை எழுதினேன்.

தாதி எட்டிப் பார்த்துவிட்டு, "ஒருவர்கூடவா இல்லை, நிச்சயமாகவா?" என்று மலாயில் அவரிடமே கேட்டாள். அவர் தலையணையிலிருந்து தலையைத் தூக்காமல், விரலால் என்னைக் காட்டி, இவர் நேரிலேயே போய்ப் பார்த்துவிட்டு வந்தவர் என்று மலாயில் பதில் சொன்னார்.

அவள் என்னைப் பார்த்துப் புன்னகைத்தாள். படிவத்தின் அடியில், தகவல் தந்தவர் என்ற இடத்தில் நான் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.